நெட்ஷ் பிழைகள்: அறிகுறி பார்த்து டிஎல்எல் கோளாறைத் தீர்ப்பது

"எண்ணே, கேபிள் எல்லாம் குத்தித்தான் இருக்கு, நெட்டு கிட்டல்ல. கமாண்ட் அடிச்சா ஏதோ டிஎல்எல் இல்லைன்னு சொல்லுது." நாகர்கோவில், தக்கலை, மார்த்தாண்டம் பக்கம் சிஸ்டம் சர்வீஸ் செய்பவர்களுக்கு மழைக்காலத்தில் இப்படிப் போன் வராமல் இருக்காது. நம் கன்னியாகுமரி மாவட்டத்துக்குத் தென்மேற்குப் பருவமழையும் உண்டு, வடகிழக்குப் பருவமழையும் உண்டு. இடி, மின்வெட்டு, பேட்டரி செத்த யுபிஎஸ். விண்டோஸ் அப்டேட் பாதியில் நிற்கும்போது கரண்ட் போனால் சிஸ்டம் கோப்புகள் அரைகுறையாக எழுதப்பட்டு நிற்கின்றன. பல நிரல்கள் பகிர்ந்து பயன்படுத்தும் டிஎல்எல் என்ற நூலகக் கோப்புகளும் அவற்றில் அடங்கும்.

இதற்குப் பெரும்பாலும் கிடைக்கும் பதில் "ஃபார்மட் அடிச்சிரலாம்" என்பது. அது எனக்கு ஒப்பில்லை. ஒரு இ-சேவை மையத்திலோ டிடிபி கடையிலோ ரப்பர் ஷீட் வாங்கும் கடையின் கணக்கு மெஷினிலோ ஃபார்மட் அடித்தால் கைரேகைக் கருவியின் டிரைவர், பழைய தமிழ் எழுத்துருக்கள், கணக்கு மென்பொருள், பிரிண்டருக்குக் கொடுத்த நிலையான ஐபி என எல்லாவற்றையும் மறுபடி உட்கார வைக்க வேண்டும். அன்றைய பிழைப்பு போய்விடும். திரையில் வந்த வரியை முழுக்க வாசித்தால் எந்தக் கோப்பு, எந்த சர்வீஸ், எந்த அனுமதி என்று அதுவே சொல்லிவிடும். அந்த இடத்தை மட்டும் சரிசெய்தால் போதும்.

முதலில் இது எப்படி இயங்குகிறது என்று பார்த்துவிடுவோம். விண்டோஸில் கட்டளை வழியாக நெட்வொர்க்கை அமைக்கும் நெட்ஷ், விண்டோஸ் 2000 காலத்திலிருந்தே இருக்கிறது. தாலுகா ஆபீசில் மனு வாங்கும் மேசை மாதிரிதான் அது. வாங்கிய மனுவை உரிய செக்‌ஷனுக்கு அனுப்பிவிடும், தானாக எதையும் முடிவு செய்யாது. வேலையைச் செய்பவை ஹெல்ப்பர் டிஎல்எல் எனப்படும் கோப்புகள். நெட்ஷ் இன்டர்ஃபேஸ் என்று தொடங்கும் கட்டளைகள் ஐஎஃப்மான்.டிஎல்எல் கோப்புக்குப் போகும். அதற்குள் ஐபிவி4, ஐபிவி6 சம்பந்தப்பட்டவை நெட்ஐஓஹெச்எல்பி.டிஎல்எல் கோப்புக்குப் போகும். நெட்ஷ் டபிள்யூலேன் என்றால் டபிள்யூலேன்சிஎஃப்ஜி, நெட்ஷ் லேன் என்றால் டாட்3சிஎஃப்ஜி, வின்சாக் என்றால் டபிள்யூஎஸ்ஹெல்ப்பர், வின்ஹெச்டிடிபி என்றால் டபிள்யூஹெச்ஹெல்ப்பர், ஃபயர்வாலுக்கு ஆத்எஃப்டபிள்யூசிஎஃப்ஜி. எல்லாம் சி டிரைவில் விண்டோஸ் ஃபோல்டருக்குள் சிஸ்டம்32 ஃபோல்டரில் இருக்கின்றன. எந்தெந்த ஹெல்ப்பரை அழைக்க வேண்டும் என்ற பட்டியல், விண்டோஸ் தன் அமைப்புகளைச் சேமித்து வைக்கும் ரெஜிஸ்ட்ரியில் ஹெச்கே லோக்கல் மெஷின், சாஃப்ட்வேர், மைக்ரோசாஃப்ட், நெட்ஷ் என்ற இடத்தில் இருக்கிறது. இவற்றுக்கும் கீழே எல்லா நிரல்களும் நம்பியிருக்கும் நூலகங்கள் உண்டு: டபிள்யூஎஸ்2_32, எம்எஸ்டபிள்யூசாக், ஐபிஹெச்எல்பிஏபிஐ, டிஎன்எஸ்ஏபிஐ.

இந்த இரண்டு அடுக்கையும் பிரித்துப் பார்த்தால் பாதி வேலை முடிந்த மாதிரி. மேலடுக்கில் ஒரு ஹெல்ப்பர் காணாமல் போனாலும் நெட் ஓடிக்கொண்டுதான் இருக்கும், கட்டளை மட்டும் வேலை செய்யாது. நெட்டும் சேர்ந்து நின்றிருந்தால் கோளாறு கீழடுக்கில் இருக்கிறது, அல்லது கேபிளில் இருக்கிறது. ஆகவே எந்தக் கட்டளையும் அடிக்கும் முன்பு பிரவுசரில் ஒரு பக்கம் திறக்கிறதா என்று பாருங்கள்.

கட்டளைகளைப் போனில் வாசித்துச் சொல்வதுபோலத் தமிழில் எழுதியிருக்கிறேன், தட்டும்போது ஆங்கில எழுத்தில் தட்டுங்கள். ஒருவருக்கு நீங்கள் போனில் சொல்லும்போது "டி" என்றால் டெல்லி டி-யா தமிழ்நாடு டி-யா, "பி" என்றால் பம்பாய் பி-யா பாண்டிச்சேரி பி-யா என்று தெளிவாகச் சொல்லிவிடுங்கள். டிஎல்எல் பெயரில் ஓர் எழுத்து மாறினால் தேடியது கிடைக்காது. கமாண்ட் பிராம்ப்ட்டை எப்போதும் வலது கிளிக் செய்து ரன் ஆஸ் அட்மினிஸ்ட்ரேட்டர் கொடுத்துத் திறக்க வேண்டும். "ரிக்வயர்ஸ் எலிவேஷன்" என்று வந்தால் அதைச் செய்யவில்லை என்று பொருள், கோப்புக்கு ஒன்றும் ஆகவில்லை.

அறிகுறி: "நெட்ஷ் இஸ் நாட் ரெகக்னைஸ்டு" என்று வருகிறது

அடுத்த வரியிலேயே ஐபிகான்ஃபிக் அடித்துப் பாருங்கள், பிங் அடித்துப் பாருங்கள். மூன்றும் தெரியாது என்று சொன்னால் மூன்று கோப்பும் ஒரே நேரத்தில் அழிந்திருக்க வாய்ப்பில்லை. கட்டளைகளை எந்தெந்த ஃபோல்டரில் தேட வேண்டும் என்று சொல்லும் பாத் என்ற சூழல் மாறி கெட்டிருக்கிறது. ஏதோ ஒரு மென்பொருளை நிறுவும்போது, பழைய மதிப்போடு சேர்ப்பதற்குப் பதில் பழையதை அழித்துவிட்டுப் புதியதை எழுதியிருப்பார்கள். சி:\விண்டோஸ்\சிஸ்டம்32\நெட்ஷ் என்று முழுப் பாதையோடு அடியுங்கள். ஓடினால் உறுதி. சிஸ்டம் ப்ராப்பர்ட்டீஸில் என்விரான்மென்ட் வேரியபிள்ஸ் திறந்து, கீழ்ப்பகுதியில் உள்ள பாத் வரிசையில் சிஸ்டம்32 பாதையைத் திரும்பச் சேர்த்துவிட்டு, புதிய கமாண்ட் விண்டோ திறங்கள். பழைய விண்டோ பழைய மதிப்பையே வைத்திருக்கும்.

மற்ற இரண்டும் ஓடி நெட்ஷ் மட்டும் ஓடவில்லை என்றால் கோப்பே இல்லை. அடுத்த பகுதியில் சொல்லும் பழுதுநீக்கம்தான் அதற்கும்.

அறிகுறி: "த ஃபாலோயிங் ஹெல்ப்பர் டிஎல்எல் கேனாட் பி லோடட்"

இந்த வரியின் முடிவில் ஒரு கோப்பின் பெயர் இருக்கும். அதை ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள். அதற்குக் கீழே "கமாண்ட் வாஸ் நாட் ஃபவுண்ட்" என்று இன்னொரு வரி வரும். பலரும் அந்த இரண்டாவது வரியைப் பார்த்துக் கட்டளையைத் தப்பாக அடித்துவிட்டோம் என்று நினைத்துத் திரும்பத் திரும்ப அடித்துக்கொண்டிருப்பார்கள். முதல் வரிதான் காரணம், இரண்டாவது அதன் விளைவு.

இப்போது சிஸ்டம்32 ஃபோல்டரில் அந்தப் பெயரில் கோப்பு இருக்கிறதா என்று பாருங்கள். மூன்று நிலைகளில் ஒன்றாக இருக்கும்.

கோப்பு இல்லை, ஆனால் அது விண்டோஸின் சொந்தக் கோப்பு. வைரஸ் தொற்றியதாகக் கருதி ஆன்டிவைரஸ் அதைத் தனியே அடைத்து வைத்திருக்கலாம், அதன் குவாரன்டைன் பட்டியலை முதலில் பாருங்கள். அங்கே இருந்தால் உடனே விடுவிக்க வேண்டாம், உண்மையிலேயே தொற்றியிருக்கக்கூடும். விண்டோஸின் கையில் இன்னொரு நல்ல பிரதி இருக்கிறது. வின்எஸ்எக்ஸ்எஸ் என்ற ஃபோல்டரில் ஒவ்வொரு சிஸ்டம் கோப்பும் சேமித்து வைக்கப்பட்டிருக்கும். அங்கிருந்து எடுத்துவைக்கும் கட்டளை:

எஸ்எஃப்சி /ஸ்கேன்நவ்

ஒரே ஒரு கோப்பு என்று தெரிந்தால் முழு ஸ்கேனுக்குக் காத்திருக்க வேண்டியதில்லை:

எஸ்எஃப்சி /ஸ்கேன்ஃபைல்=சி:\விண்டோஸ்\சிஸ்டம்32\ஐஎஃப்மான்.டிஎல்எல்

கடையில் ஆள் காத்துக்கொண்டிருக்கும்போது இது பெரிய உதவி. ஆனாலும் ஒரு கோப்பு கெட்ட இடத்தில் இன்னொன்றும் கெட்டிருக்க வாய்ப்பு அதிகம். இரவு கடை அடைத்த பிறகாவது முழு ஸ்கேனை ஓட விடுங்கள்.

முடிவில் வரும் வரியை வாசிக்க வேண்டும். "சக்ஸஸ்ஃபுலி ரிப்பேர்டு" என்றால் ரீஸ்டார்ட் செய்து நெட்ஷ் அடித்துப் பாருங்கள், முடிந்தது. "அனேபிள் டு ஃபிக்ஸ் சம் ஆஃப் தெம்" என்றால் வின்எஸ்எக்ஸ்எஸ் சேமிப்பே கெட்டிருக்கிறது. எந்தெந்தக் கோப்பு என்பது விண்டோஸ் ஃபோல்டருக்குள் லாக்ஸ், அதற்குள் சிபிஎஸ் ஃபோல்டரில் உள்ள சிபிஎஸ்.லாக் கோப்பில் எஸ்ஆர் என்று குறித்த வரிகளில் இருக்கும். இப்போது சேமிப்பைச் சரிசெய்ய வேண்டும்:

டிஸ்ம் /ஆன்லைன் /க்ளீனப்-இமேஜ் /ரெஸ்டோர்ஹெல்த்

இது விண்டோஸ் 8 முதல் உண்டு. நல்ல கோப்புகளை இது மைக்ரோசாஃப்டின் அப்டேட் சர்வரிலிருந்து இறக்கும், அதாவது இதற்கு நெட் வேண்டும். ஹெல்ப்பர் மட்டும் கெட்டு நெட் ஓடிக்கொண்டிருந்தால் கவலையில்லை. நெட்டே இல்லாத மெஷினில் இது 0எக்ஸ்800எஃப்081எஃப் என்ற பிழையோடு நிற்கும், மூலக் கோப்பு கிடைக்கவில்லை என்று பொருள். செல்போனை யுஎஸ்பி கேபிளில் செருகி நெட் பகிர்ந்து பார்க்கலாம். ஆனால் கீழடுக்கு கெட்டிருந்தால் அதுவும் உதவாது, ஏனென்றால் செல்போன் வழி வரும் நெட்டும் அதே நூலகங்களைக் கடந்துதான் வர வேண்டும்.

நான் நம்பும் வழி பென்டிரைவ். வேறொரு மெஷினில் அதே பதிப்பு, அதே மொழி விண்டோஸின் ஐஎஸ்ஓ கோப்பை (நிறுவல் வட்டின் முழுப் பிரதி) மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து இறக்கி, பென்டிரைவில் எடுத்துப் போங்கள். ஐஎஸ்ஓவை டபுள் கிளிக் செய்தால் ஒரு புதிய டிரைவ் எழுத்து வரும். அது ஈ என்று வைத்துக்கொண்டால்:

டிஸ்ம் /ஆன்லைன் /க்ளீனப்-இமேஜ் /ரெஸ்டோர்ஹெல்த் /சோர்ஸ்:விம்:ஈ:\சோர்ஸஸ்\இன்ஸ்டால்.விம்:1 /லிமிட்ஆக்சஸ்

கடைசியில் உள்ள 1 என்பது ஹோம், ப்ரோ போன்ற வகைகளில் எது என்று காட்டும் எண். டிஸ்ம் /கெட்-விம்இன்ஃபோ அடித்து உங்கள் வகையின் எண்ணைப் பார்த்துப் போடுங்கள். சில ஐஎஸ்ஓவில் இன்ஸ்டால்.விம் இருக்காது, இன்ஸ்டால்.ஈஎஸ்டி இருக்கும். அப்போது விம் என்ற இடத்தில் ஈஎஸ்டி என்று இரண்டு இடத்திலும் மாற்றுங்கள். டிஸ்ம் முடிந்ததும் எஸ்எஃப்சியை மறுபடி ஓட்ட வேண்டும். டிஸ்ம் சேமிப்பைத்தான் சரிசெய்கிறது, சிஸ்டம்32 ஃபோல்டரில் கோப்பைக் கொண்டுவந்து வைப்பது எஸ்எஃப்சி. இந்த இரண்டாவது ஓட்டத்தை விட்டுவிட்டு "டிஸ்ம் போட்டும் சரியாகல" என்று சொல்பவர்கள் அதிகம்.

விண்டோஸே சரியாகத் திறக்காத மெஷினில் ரிப்பேர் திரையின் கமாண்ட் பிராம்ப்ட்டிலிருந்து எஸ்எஃப்சி /ஸ்கேன்நவ் /ஆஃப்பூட்டிர்=சி:\ /ஆஃப்வின்டிர்=சி:\விண்டோஸ் என்று கொடுக்கலாம். அந்தத் திரையில் சி டிரைவ் வேறு எழுத்தில் வருவதுண்டு. டிர் கட்டளை அடித்து விண்டோஸ் ஃபோல்டர் எந்த எழுத்தில் இருக்கிறது என்று பார்த்த பிறகே கொடுங்கள்.

இரண்டாவது நிலை: கோப்பு இல்லை, ஆனால் அது விண்டோஸ் கோப்பே அல்ல. நீக்கப்பட்ட ஏதோ ஒரு மென்பொருள் தன் ஹெல்ப்பரைப் பட்டியலில் எழுதிவிட்டு, போகும்போது பெயரை மட்டும் விட்டுப் போயிருக்கிறது. நெட்ஷ் டெலீட் ஹெல்ப்பர் என்று அடித்து அந்தப் பெயரைக் கொடுங்கள். போகவில்லை என்றால் மேலே சொன்ன ரெஜிஸ்ட்ரி இடத்தை எக்ஸ்போர்ட் செய்து பத்திரப்படுத்திவிட்டு அந்த ஒரு வரியை நீக்குங்கள்.

மூன்றாவது: கோப்பு இருக்கிறது, பட்டியலில் பெயர் இல்லை. அப்போது "ஹெல்ப்பர் லோட் ஆகவில்லை" என்ற வரியே வராது, கட்டளை தெரியாது என்று மட்டும் வரும். நெட்ஷ் ஷோ ஹெல்ப்பர் அடித்தால் இப்போது ஏற்றப்பட்டிருக்கும் எல்லா டிஎல்எல் பெயர்களும் தெரியும். விட்டுப்போனதை இப்படிச் சேர்க்கலாம்:

நெட்ஷ் ஆட் ஹெல்ப்பர் டபிள்யூலேன்சிஎஃப்ஜி.டிஎல்எல்

பழுதுநீக்கம் ஓடிக்கொண்டிருக்கும்போது கடைக்காரருக்கு அவசரமாக ஐபி மாற்ற வேண்டும் என்றால், நெட்ஷ் இல்லாமலும் முடியும். என்சிபிஏ.சிபிஎல் என்று ரன் பெட்டியில் அடித்து வரும் பழைய ஜன்னலும், பவர்ஷெல்லின் நியூ-நெட்ஐபிஅட்ரஸ் கட்டளையும் இந்த ஹெல்ப்பர்களை நம்பியிருக்கவில்லை.

அறிகுறி: "இனிட்ஹெல்ப்பர்டிஎல்எல் … ஃபெயில்டு டு ஸ்டார்ட் வித் எரர் கோட் 10107"

ஒவ்வொரு ஹெல்ப்பருக்குள்ளும் இனிட்ஹெல்ப்பர்டிஎல்எல் என்ற தொடக்கச் செயல்கூறு இருக்கும், நெட்ஷ் முதலில் அழைப்பது அதைத்தான். இந்தப் பிழையில் கோப்பு இருக்கிறது, ஏற்றப்பட்டும் விட்டது, ஆனால் அது எழுந்திருக்கக் கீழடுக்கு உதவவில்லை. பெரும்பாலும் என்எஸ்ஹெச்ஹெச்டிடிபி.டிஎல்எல் பெயரோடு வரும். அந்தக் கோப்பைக் குறைசொல்லிப் பயனில்லை. 10107 என்பது நிரல்களை நெட்வொர்க்கோடு இணைக்கும் விண்டோஸ் பகுதியான வின்சாக் கொடுக்கும் எண், ஒருபோதும் தோற்கக்கூடாத சிஸ்டம் அழைப்பு ஒன்று தோற்றுவிட்டது என்று அதற்கு அர்த்தம்.

இங்கே கெட்டிருப்பது வின்சாக் கேட்டலாக். எந்த நெட்வொர்க் நிரலும் டபிள்யூஎஸ்2_32 நூலகத்தைக் கேட்கும், அது கேட்டலாக் என்ற பட்டியலைப் பார்த்து உரிய நெட்வொர்க் டிஎல்எல்லுக்கு அனுப்பும். பழைய ஆன்டிவைரஸ்கள், விபிஎன்கள், சில வடிகட்டி மென்பொருள்கள் இந்த வரிசையின் நடுவில் தங்களைச் செருகிக்கொள்ளும். சரியாக நீக்கப்படாமல் போனால் சங்கிலி அறுந்து நிற்கும். பிரவுசரும் திறக்காது, பிங்கும் போகாது, ஆனால் லேன் ஐகானில் எல்லாம் நன்றாக இருப்பதுபோலத் தெரியும்.

நெட்ஷ் வின்சாக் ரீசெட்

அடித்து ரீஸ்டார்ட் செய்ய வேண்டும். ரீஸ்டார்ட் செய்யாமல் நெட் வருகிறதா என்று பார்ப்பதில் பயனில்லை. இந்தக் கட்டளையே 10107 காட்டி நின்றால் சேஃப் மோடில் போய் அடித்துப் பாருங்கள். அங்கும் நின்றால் ஆர்எஸ்டிஆர்யூஐ அடித்துச் சிஸ்டம் ரெஸ்டோர் திறந்து, கோளாறுக்கு முந்தைய புள்ளி ஏதும் இருக்கிறதா பாருங்கள். இருந்தால் அதுவே மிகவும் பாதுகாப்பான வழி, உங்கள் ஆவணங்களை அது தொடாது. புள்ளி எதுவும் இல்லையென்றால் கடைசியாக, ரெஜிஸ்ட்ரியில் ஹெச்கே லோக்கல் மெஷின், சிஸ்டம், கரன்ட்கன்ட்ரோல்செட், சர்வீசஸ் என்ற இடத்தில் உள்ள வின்சாக், வின்சாக்2 ஆகிய இரண்டையும் எக்ஸ்போர்ட் செய்து வைத்துவிட்டு நீக்கி, அதே பதிப்பு விண்டோஸ் உள்ள நல்ல மெஷினிலிருந்து அந்த இரண்டையும் எடுத்துவந்து இம்போர்ட் செய்து ரீஸ்டார்ட் செய்யலாம். பதிப்பு ஒன்றாக இருக்க வேண்டும் என்பதில் விட்டுக்கொடுக்காதீர்கள்.

ரீசெட் ஆன பிறகு விபிஎன் ஏதும் வேலை செய்யாமல் போனால் அதை மறுபடி நிறுவ வேண்டியிருக்கும். இதை வாடிக்கையாளரிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

அறிகுறி: "நெட்ஷ் இன்ட் ஐபி ரீசெட்" அடித்தால் ஒரு வரியில் மட்டும் "ஆக்சஸ் இஸ் டினைட்"

மற்ற வரிகளெல்லாம் ஓகே, ஒன்று மட்டும் ஃபெயில்டு. அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்தும் இப்படி வரும். டிஎல்எல் நன்றாக இருக்கிறது, ரெஜிஸ்ட்ரியில் ஒரு சாவிக்கு எழுதும் அனுமதி இல்லை. ஹெச்கே லோக்கல் மெஷின், சிஸ்டம், கரன்ட்கன்ட்ரோல்செட், கன்ட்ரோல், என்எஸ்ஐ என்ற இடத்துக்குள் ஈபி004ஏ00 என்று தொடங்கும் நீண்ட பெயர் இருக்கும், அதற்குள் 26 என்ற சாவி. அதன் பர்மிஷனில் அட்மினிஸ்ட்ரேட்டர்ஸுக்கு ஃபுல் கன்ட்ரோல் கொடுத்து ரீசெட்டை மறுபடி ஓட்டி, ரீஸ்டார்ட் செய்த பிறகு அனுமதியைப் பழையபடி மாற்றிவிடுங்கள். எவ்ரிஒன் என்ற பெயருக்கு முழு அனுமதி கொடுக்கும் வழியும் புழக்கத்தில் இருக்கிறது. வேலை நடக்கும், ஆனால் பொது மெஷினில் அப்படிக் கதவைத் திறந்து வைத்துவிட்டுப் போவதை நான் ஏற்க மாட்டேன்.

இந்த ரீசெட் கைமுறையாகக் கொடுத்த ஐபி முகவரிகளை அழித்துவிடும். அதனால் அடிக்கும் முன்பு ஐபிகான்ஃபிக் /ஆல் வெளியீட்டை ஒரு டெக்ஸ்ட் கோப்பில் சேமித்து, வேறு டிரைவில் வையுங்கள். ஐபி, சப்நெட், கேட்வே, டிஎன்எஸ் நான்கையும் தாளிலும் எழுதுங்கள். வருகைப்பதிவு இயந்திரமோ நெட்வொர்க் பிரிண்டரோ இருக்கும் இடத்தில் இந்தத் தாள் இல்லாமல் ரீசெட் அடிக்கவே கூடாது.

அறிகுறி: ஐபி கொடுத்தால் "ஃபைல்நேம், டைரக்டரி நேம் … சின்டாக்ஸ் இஸ் இன்கரெக்ட்"

கோப்பு, டைரக்டரி என்று வந்ததும் சிஸ்டம் கோப்பு போய்விட்டது என்று பயப்படுகிறார்கள். அடாப்டரின் பெயர்தான் தப்பு. ஈதர்நெட் என்று நீங்கள் அடித்திருப்பீர்கள், மெஷினில் ஈதர்நெட் 2 என்றோ லோக்கல் ஏரியா கனெக்‌ஷன் என்றோ இருக்கும். நெட்ஷ் இன்டர்ஃபேஸ் ஷோ இன்டர்ஃபேஸ் அடித்து, அங்கே தெரியும் பெயரை இடைவெளியோடு அப்படியே இரட்டை மேற்கோளுக்குள் போடுங்கள்.

"ஃபெயில்டு டு கான்ஃபிகர் த டிஹெச்சிபி சர்வீஸ். த இன்டர்ஃபேஸ் மே பி டிஸ்கனெக்டட்" என்றால் கேபிளைச் செருகிவிட்டு அடியுங்கள். "டிஹெச்சிபி இஸ் ஆல்ரெடி எனேபிள்டு" என்பது பிழையே இல்லை, ஐபியை ரவுட்டரிடமிருந்து தானாக வாங்கும் டிஹெச்சிபி முறை ஏற்கெனவே போடப்பட்டிருக்கிறது என்று பொருள்.

அறிகுறி: வைஃபை கட்டளைகள் மட்டும் மறுக்கின்றன

"ஆட்டோகான்ஃபிக் சர்வீஸ் இஸ் நாட் ரன்னிங்" என்று வந்தால் நெட் ஸ்டார்ட் டபிள்யூலேன்எஸ்விசி என்று அடியுங்கள். சர்வீசஸ் ஜன்னலில் அதை ஆட்டோமேட்டிக்காக மாற்றி வையுங்கள். நெட்ஷ் லேன் கட்டளைக்கும் இதேபோல டாட்3எஸ்விசி என்ற சர்வீஸ் உண்டு. அது இயல்பாகவே நின்றுதான் இருக்கும், தேவைப்படும்போது மட்டும் ஓட்டினால் போதும்.

விண்டோஸ் 11-இன் 24ஹெச்2 பதிப்பில் லொக்கேஷன் அனுமதி வேண்டும் என்றொரு செய்தி வரும். சுற்றியுள்ள வைஃபை பெயர்களை வைத்து ஆள் இருக்கும் இடத்தைக் கண்டுபிடித்துவிடலாம் என்பதால் அந்தக் கட்டளைகளை இட அனுமதியோடு கட்டிவிட்டார்கள். செட்டிங்ஸில் பிரைவசி பகுதியில் லொக்கேஷனைப் போட்டுக்கொண்டால் சரி. புது மெஷின் வாங்கியவர்கள் இதைப் பார்த்துவிட்டு டபிள்யூலேன்சிஎஃப்ஜி கோப்பை நெட்டில் தேடி இறக்கப் போகிறார்கள். அது தேவையே இல்லாத வேலை, ஆபத்தானதும்கூட.

அறிகுறி: "எண்ட்ரி பாயிண்ட் நாட் ஃபவுண்ட்" அல்லது 0எக்ஸ்சி000007பி

இந்த இரண்டும் பெரும்பாலும் மனிதக் கை பட்டதால் வருபவை. "டிஎல்எல் இலவச டவுன்லோட்" என்று கிடைக்கும் தளங்களிலிருந்து யாரோ ஒரு கோப்பை இறக்கி சிஸ்டம்32 ஃபோல்டரில் போட்டிருப்பார்கள். அந்தப் பழக்கத்தை முழுக்கக் கைவிடுங்கள் என்று ஒவ்வொருவரிடமும் கெஞ்சிக் கேட்பேன். அங்கே கிடைக்கும் கோப்பு எந்த விண்டோஸ் பதிப்பிலிருந்து எடுத்தது என்று தெரியாது, யார் கை வைத்தது என்றும் தெரியாது. பாஸ்வேர்டும் வங்கிக் கணக்கும் ஓடும் நெட்வொர்க் நூலகத்தின் இடத்தில் அதை வைக்கிறோம்.

எண்ட்ரி பாயிண்ட் பிழை என்றால், நிரல் தேடும் செயல்கூறு அந்த டிஎல்எல்லில் இல்லை, பதிப்பு மாறியிருக்கிறது. 0எக்ஸ்சி000007பி என்றால் பெரும்பாலும் 32 பிட், 64 பிட் மாறிப்போயிருக்கிறது. 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் கோப்புகள், சிஸ்வாவ்64 ஃபோல்டரில் இருப்பவை 32 பிட் கோப்புகள். பெயர்கள் தலைகீழாக இருப்பதால் தெரிந்தவர்களே தடுமாறும் இடம் இது. போதாக்குறைக்கு, 32 பிட் நிரல் ஒன்றிலிருந்து சிஸ்டம்32 என்று கேட்டால் விண்டோஸ் அதைச் சத்தமில்லாமல் சிஸ்வாவ்64 ஃபோல்டருக்குத் திருப்பிவிடும். கையால் நகலெடுத்தால் போய்ச் சேருவது எங்கே என்றே தெரியாது. எஸ்எஃப்சி இரண்டு ஃபோல்டரையும் பார்க்கும், அதனிடமே விடுங்கள்.

பிழை ஒரே ஒரு நிரலில் மட்டும் வந்தால் அந்த நிரலின் சொந்த ஃபோல்டரைத் திறந்து பாருங்கள். விண்டோஸ் டிஎல்எல் தேடும்போது பெரும்பாலும் நிரலின் ஃபோல்டரில்தான் முதலில் தேடும். அங்கே ஐபிஹெச்எல்பிஏபிஐ.டிஎல்எல் பழைய பிரதி ஒன்று கிடந்தால் அதன் பெயரை மாற்றி வைத்துவிட்டு நிரலை ஓட்டிப் பாருங்கள்.

அறிகுறி: பிழை எதுவும் இல்லை, ஆனால் ஷோ ஹெல்ப்பரில் அறியாத பெயர்

இதைக் கவனமாகப் பாருங்கள். நெட்ஷ் ஓடும்போதெல்லாம் பட்டியலில் உள்ள எல்லா டிஎல்எல்லும் ஏற்றப்படும் என்பதைத் தீய நிரல் எழுதுபவர்களும் அறிவார்கள். தங்கள் கோப்பை அந்தப் பட்டியலில் சேர்த்து மெஷினில் ஒட்டிக்கொள்வது அறியப்பட்ட தந்திரம்தான். பாதை சிஸ்டம்32 ஃபோல்டருக்கு வெளியே, முக்கியமாக டெம்ப் அல்லது ஆப்டேட்டா ஃபோல்டரில் இருந்தால் சந்தேகப்படுங்கள். பவர்ஷெல்லில் கெட்-ஆதென்டிகோட்சிக்னேச்சர் என்று அடித்துக் கோப்பின் பாதையைக் கொடுத்தால் கையொப்பம் செல்லுமா என்று காட்டும். ப்ராப்பர்ட்டீஸில் டிஜிட்டல் சிக்னேச்சர் டேப் இல்லாததை மட்டும் வைத்து முடிவு செய்யாதீர்கள், விண்டோஸின் சொந்தக் கோப்புகள் பலவற்றுக்கு அந்த டேப் இருக்காது. அவற்றின் கையொப்பம் தனிக் கேட்டலாக் கோப்பில் இருக்கிறது.

விண்டோஸ் 7-க்கு 2020 ஜனவரி 14-உடனும், விண்டோஸ் 10-க்கு 2025 அக்டோபர் 14-உடனும் மைக்ரோசாஃப்டின் வழக்கமான ஆதரவு முடிந்துவிட்டது. அந்த மெஷின்களில் இந்தப் பட்டியலை அவ்வப்போது பார்ப்பது நல்லது.

அறிகுறி: எல்லா டிஎல்எல்லும் சரி, ஐபி மட்டும் 169.254 என்று வருகிறது

கட்டளை வரியை மூடுங்கள். ரவுட்டரிலிருந்து முகவரி கிடைக்காதபோது மெஷின் தானே போட்டுக்கொள்ளும் எண் அது. குளச்சல், முட்டம், மணவாளக்குறிச்சி போன்ற கடலோர ஊர்களில் உப்புக்காற்று லேன் கனெக்டரின் செம்பு முனைகளைப் பச்சையாக்கிவிடும். விளக்கு எரிந்து எரிந்து அணையும், சில நேரம் வரும், சில நேரம் போகும். முனையை வெட்டிப் புதிதாக கிரிம்ப் செய்யுங்கள். இடிக்குப் பிறகு "மீடியா டிஸ்கனெக்டட்" என்றே நின்றால், வேறு கேபிளும் ரவுட்டரில் வேறு போர்ட்டும் மாற்றிப் பாருங்கள். அப்போதும் அப்படியே என்றால் மதர்போர்டின் லேன் போர்ட் போயிருக்கிறது. யுஎஸ்பி லேன் அடாப்டர் ஒன்று வாங்கிச் செருகினால் மெஷின் மீண்டுவிடும்.

"டிஎன்எஸ் ரிசால்வர் கேஷை ஃப்ளஷ் செய்ய முடியவில்லை" என்று வந்தால் டிஎன்எஸ் கிளையன்ட் சர்வீஸ் நின்றிருக்கிறது. ஐபிகான்ஃபிக் /ரெனியூ அடிக்கும்போது ஆர்பிசி சர்வர் கிடைக்கவில்லை என்று வந்தால் டிஹெச்சிபி கிளையன்ட் சர்வீஸைப் பாருங்கள்.

லினக்ஸ் மெஷினில்

அரசு கொடுத்த மடிக்கணினிகள் சிலவற்றில் பாஸ் லினக்ஸ் சேர்ந்தே வந்தது, உபுண்டு போட்டவர்களும் இங்கே உண்டு. அங்கே டிஎல்எல்லுக்குப் பதில் எஸ்ஓ கோப்புகள். இஃப்கான்ஃபிக் தெரியாது என்று வந்தால் எதுவும் கெடவில்லை. டெபியன் 9 முதல் நெட்-டூல்ஸ் தொகுப்பு இயல்பாக நிறுவப்படுவதில்லை. ஐபி அட்ரஸ் என்ற கட்டளையைப் பயன்படுத்துங்கள்.

"எரர் வைல் லோடிங் ஷேர்டு லைப்ரரீஸ்" என்று வந்தால் எல்டிடி கட்டளைக்கு அந்த நிரலின் பாதையைக் கொடுங்கள். நாட் ஃபவுண்ட் என்று நிற்கும் வரிதான் காணாமல் போன நூலகம். என்எம்சிஎல்ஐ என்றால் அது லிப்என்எம்.எஸ்ஓ.0, லிப்என்எம்0 தொகுப்பில் இருப்பது. ஆப்ட் இன்ஸ்டால் --ரீஇன்ஸ்டால் கொடுத்து அந்தத் தொகுப்பைத் திரும்பப் போடுங்கள். நெட் இல்லையென்றால் அதே பதிப்புக்கான டெப் கோப்பைப் பென்டிரைவில் கொண்டுவந்து "டிபிகேஜி -ஐ" என்ற கட்டளைக்கு அதன் பெயரைக் கொடுத்து நிறுவுங்கள். எண் வேறாக இருக்கும் இன்னொரு நூலகத்துக்கு இணைப்பு போட்டுப் பெயரைப் பொருத்திவிடும் குறுக்குவழி வேண்டாம். எண் மாறினால் உள்ளமைப்பும் மாறியிருக்கும், நிரல் பாதியில் விழும்.

டிக் கட்டளை பெயரைக் கண்டுபிடிக்கிறது, பிங்கும் பிரவுசரும் கண்டுபிடிக்கவில்லை என்றால் ஈடிசி ஃபோல்டரில் என்எஸ்ஸ்விட்ச்.கான்ஃப் கோப்பைத் திறங்கள். டிக் நேராக டிஎன்எஸ் சர்வரிடம் கேட்கும், மற்றவை சி நூலகத்தின் வழியாக இந்தக் கோப்பைப் பார்த்துத்தான் கேட்கும். ஹோஸ்ட்ஸ் என்று தொடங்கும் வரியில் டிஎன்எஸ் என்ற சொல் விட்டுப்போயிருந்தால் சேர்த்துவிட்டு, கெட்என்ட் ஹோஸ்ட்ஸ் அடித்து ஒரு பெயரைக் கொடுத்துச் சோதியுங்கள்.

அறிகுறி: சரிசெய்த கோப்பு சில வாரத்தில் மறுபடி கெடுகிறது

விண்டோஸோ லினக்ஸோ, இது பெரும்பாலும் மென்பொருள் கோளாறு அல்ல, டிஸ்க் போய்க்கொண்டிருக்கலாம். விண்டோஸில் செக்டிஸ்க் (தட்டும்போது சிஹெச்கேடிஎஸ்கே) சி: /ஆர் ஓட்டி பேட் செக்டர் எண்ணிக்கை பாருங்கள். இருந்தால் முதலில் கணக்கையும் ஆவணங்களையும் வெளியே நகலெடுங்கள், அதுவரை வேறு எந்தப் பழுதுநீக்கமும் ஓட்டாதீர்கள். பிறகு எஸ்எஸ்டி மாற்றி, பழைய டிஸ்கைக் க்ளோன் செய்து, ஐஎஸ்ஓவின் செட்அப் கோப்பை உள்ளிருந்தே ஓட்டி "கீப் பர்சனல் ஃபைல்ஸ் அண்ட் ஆப்ஸ்" தேர்ந்தெடுங்கள். சிஸ்டம் நூலகங்கள் அத்தனையும் புதிதாக எழுதப்படும், மென்பொருள்களும் எழுத்துருக்களும் இருந்த இடத்திலேயே இருக்கும். பிரிண்டரின் ஐபி எழுதிய தாளை அப்போதும் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.